அக்கா பேரில் ஒரு கூடை

என் கையெழுத்து அழகு என்று சொல்லாதவர்கள் எங்கள் தோட்டத்தில் கிடையாது. ஊருக்குக் கடிதம் எழுதவும், கோயில் திருவிழாவுக்கு நோட்டீஸ் எழுதவும், சங்கத்துக்கு மனு எழுதவும் என்னைத்தான் தேடி வருவார்கள். யாராவது வாயைத் திறந்து புகழ்ந்தால் எனக்கு எரிச்சல் வரும். முகத்தைச் சுளித்துக்கொண்டு பேச்சை மாற்றிவிடுவேன். தலைக்கனம் பிடித்தவன் என்று நினைத்திருப்பார்கள். நினைத்துவிட்டுப் போகட்டும். பதுளைக் கோர்ட்டில் ஒரு வக்கீல் அந்த எழுத்தின்மேல் விரலை வைத்து, எவ்வளவு சுத்தமாக எழுதப்பட்டிருக்கிறது பாருங்கள் என்று நீதவானுக்குக் காட்டிய நாளிலிருந்து எனக்கு அந்தப் புகழ்ச்சி ஆகாது.

மடுல்சீமைப் பக்கத்துத் தேயிலைத் தோட்டம் ஒன்றில் நான் கணக்கப்பிள்ளையாக இருந்தேன். பஸ்களை இலங்கை அரசாங்கம் எடுத்துக்கொள்வதற்கு முந்திய வருடங்கள் அவை. தொழிலாளர் குடியிருக்கும் வரிசை வீடான லயத்தில் பிறந்தவன்தான் நானும். பசறையில் ஒரு சொந்தக்காரர் வீட்டில் தங்கி எட்டாம் வகுப்பு வரை படித்ததால் கையில் பேனா வந்தது. காலையில் எல்லோரும் கூடும் பெரட்டுக் களத்தில் ஆள் எடுப்பது, மலையில் நின்று வேலை வாங்குவது, கொழுந்து நிறுக்கும்போது யாருக்கு எத்தனை ராத்தல் என்று குறிப்பது, இதெல்லாம் கணக்கப்பிள்ளை வேலை. சாயந்தரம் அதை ஆபீசில் செக்ரோல் என்ற பேரேட்டில் பதிவது உண்மையில் பெரிய கிளாக்கருடைய வேலை. என் எழுத்தைப் பார்த்துவிட்டு அதையும் என் தலையில் கட்டிவிட்டார். அப்போது எனக்கு அது பெருமையாக இருந்தது.

தோட்டத்தில் ஒரு நாள் வேலையை ஒரு பேர் என்போம். மாதத்தில் எத்தனை பேர் விழுந்தது என்பதைப் பொறுத்துத்தான் அரிசி. தொடர்ந்து விழாவிட்டால் பதிவிலிருந்து ஆளை வெட்டிவிடுவார்கள். ஆள் வெட்டினால் லயத்தில் குடியிருக்கும் காம்பராவையும் விட்டுக்கொடுக்க வேண்டும். பிறந்து வளர்ந்த வீடென்றாலும் அது தோட்டத்து வீடு.

அக்கா என்று நான் சொல்லப்போகிறவள் என் உடன்பிறந்தவள் இல்லை. எங்கள் காம்பராவுக்கு அடுத்த காம்பரா. என் அம்மா செத்த வருடம் முழுக்க அவள் அடுப்பில் வெந்ததைத்தான் நான் தின்றேன். புருஷன் நெஞ்சுவலியில் போனபின் ஒரே மகளை வைத்துக்கொண்டு தனியாக இருந்தாள். கொழுந்து எடுப்பதில் அவளை மிஞ்ச அந்த லயத்தில் ஆளில்லை. நான் கணக்கப்பிள்ளையானதும் மலையில் என்னை ஐயா என்றாள். லயத்துக்குத் திரும்பினால் தம்பி. இந்த இரண்டையும் அவள் ஒருநாளும் மாற்றிக் கூப்பிட்டதில்லை.

அன்று ஞாயிற்றுக்கிழமை. மகளுக்குப் பள்ளிக்கூடச் சட்டைக்கு வெள்ளைத் துணி எடுக்க அக்கா பசறைக்குப் புறப்பட்டாள். நானும் அதே பஸ்ஸில் போனேன். எங்கள் ரோட்டில் ஓடியது ஒரே கம்பெனியின் பஸ்தான். அதுவும் பிரேக்கு சரியில்லாத பஸ். நிறுத்தும்போதெல்லாம் கண்டக்டர் ஒரு மரக்கட்டையோடு குதித்துப் பின்சக்கரத்துக்கு அண்டை கொடுப்பார். நாங்கள் எல்லோரும் அதைப் பார்த்துச் சிரிப்போம். கணக்கப்பிள்ளை என்பதால் டிரைவருக்குப் பக்கத்து சீட்டை எனக்கு விடுவார்கள். அக்கா நடுவில் ஜன்னலோரம் இருந்தாள்.

இறக்கத்தில் ரோடு வளையும் ஒரு முடக்கு வந்தது. டிரைவர் காலை அழுத்தினார். எடுத்து மறுபடி அழுத்தினார். மூன்றாவது தடவை அழுத்தும்போது அவர் முகத்தைப் பார்த்தேன். பஸ் ரோட்டை விட்டு இறங்கித் தேயிலைக்குள் சாய்ந்து, ஒரு சவுக்கு மரத்தில் மோதி நின்றது. அந்த மரம் இல்லாவிட்டால் நான் இதை எழுத இருந்திருக்க மாட்டேன். ஆனால் ஜன்னல் கம்பியைப் பிடித்திருந்த அக்காவின் வலது கை அந்த மரத்துக்கும் பஸ்ஸுக்கும் நடுவில் மாட்டிக்கொண்டது. அவள் கத்தவில்லை. "தம்பி, கை வரமாட்டேங்குது" என்றுதான் சொன்னாள்.

பதுளை ஆஸ்பத்திரியில் ஐந்து வாரம் கிடந்தாள். டாக்டர் நல்லவர், கையை வெட்டவில்லை. வெட்டியிருந்தால் வழக்கில் ஜெயித்திருப்பாள் என்று பிற்பாடு பலதடவை நினைத்திருக்கிறேன். அப்படி நினைக்கவும் எனக்கு மனசு வந்தது. கட்டுப் பிரித்தபோது ஐந்து விரலும் இருந்தன. நிறம் கொஞ்சம் மாறியிருந்தது, அவ்வளவுதான். ஆனால் ஒரு விரலும் மடங்கவில்லை. கொடியில் துணி காயப்போடக்கூட அந்தக் கை உதவவில்லை. கொழுந்தைக் கிள்ள இரண்டு கையும் வேண்டும். ஒரு கையால் எடுப்பவள் மற்றவர்கள் தேயிலை நிரையை முடித்துத் திரும்பும்போது பாதியில் நிற்பாள்.

ஞாயிற்றுக்கிழமை தன் சோலிக்குப் போய் அடிபட்டவளுக்குத் தோட்டம் ஒரு சதம் தராது என்று பெரிய கிளாக்கர் சொல்லிவிட்டார். பஸ் கம்பெனியிடம் நஷ்டஈடு கேட்டு வழக்குப் போடலாம் என்று தொழிற்சங்கத்து ஆள் ஒருவர் வந்து சொன்னார். அக்காவுக்கு அதில் நம்பிக்கை பிறந்ததற்குக் காரணம், பசறையில் ஜவுளிக்கடை வைத்திருந்த முஸ்லிம் நானா. அவரிடம்தான் அவள் அன்று துணி எடுக்கப் போனாள். ஆஸ்பத்திரிக்கு அவர் ஒரு தடவை வந்தார்.

"கை போனா வாய் இருக்குதானே. என்ட கட முகப்புல ஒரு மூலைய தாரேன். வெத்தில பாக்கு, சுருட்டு, பீடி வச்சு யாவாரம் பண்ணுங்க. அட்வான்ஸும் சாமானுக்குக் காசும் மட்டும் எப்படியாச்சும் பாத்துக்கங்க" என்றார்.

அதற்குப்பின் அக்காவின் பேச்செல்லாம் அந்த மூலையைப் பற்றித்தான். நஷ்டஈட்டுக் காசு வந்தால் பசறைக்குப் போய்விடலாம். காம்பரா போனால் போகட்டும். மகள் அங்கேயே பள்ளிக்கூடம் போவாள், மலைக்கு வர வேண்டாம். அந்தப் பெண்ணுக்கு அப்போது பத்து வயது. தோட்டத்துப் பள்ளிக்கூடத்தில் நன்றாகப் படிக்கிறாள் என்று பெயர். நான் எழுதும்போது பக்கத்தில் வந்து குந்திக்கொண்டு என் எழுத்தைப் பார்த்துச் சிலேட்டில் எழுதுவாள். அவளுடைய லகரமும் ழகரமும் அப்படியே என்னுடையவை.

"நீ பாத்தீல்ல தம்பி. பிரேக்கு புடிக்கல்லன்னு நீ சொல்லுவீல்ல?" என்று ஆஸ்பத்திரிக் கட்டிலில் கிடந்தபடி அக்கா கேட்டாள்.

"எங்க கூப்பிட்டாலும் வந்து சொல்றேன்க்கா" என்றேன். அதைச் சொல்லும்போது எனக்கு ஒரு சந்தேகமும் இல்லை.

வழக்கு நடக்கட்டும், அதுவரை என்ன செய்வது? அக்கா கட்டோடு லயத்துக்கு வந்த மறுவாரம், காலைக் கொழுந்து நிறுக்கும் நேரம் தராசடிக்கு ஒரு கூடை கூடுதலாக வந்தது. எடுத்து வைத்தவள் எதிர் லயத்துப் பெண்.

"ஐயா, இதை அக்கா பேர்ல போட்டுக்கங்க" என்றாள்.

நான் நிமிர்ந்து பார்த்தேன். வரிசையில் நின்ற பெண்கள் எல்லோரும் வேறு எங்கோ பார்த்துக்கொண்டு நின்றார்கள். ஆளுக்கு இரண்டு கைப்பிடி அந்தக் கூடையில் போட்டிருக்கிறார்கள். இது புதிய பழக்கம் இல்லை. பிள்ளை பெற்றவளுக்கும், காய்ச்சலில் கிடந்தவளுக்கும் நாலு நாள், ஐந்து நாள் இப்படிச் செய்வது உண்டு. அந்த நாலு நாளுக்குக் கணக்கப்பிள்ளைக்குக் கண் தெரியாது. தராசில் ஏறுவது கொழுந்துதானே, தோட்டத்துக்கு நட்டமா என்ன என்று எல்லோருக்கும் ஒரு நியாயம் இருந்தது. நான் எழுதினேன்.

அது நாலு நாளில் நிற்கவில்லை. அக்காவும் மலைக்கு வந்தாள். தோட்டத்துத் தொரை எதிர் ரோட்டில் போனால் தலை எண்ணிக்கை குறையக் கூடாது என்று கூடையை மாட்டிக்கொண்டு நிரையில் நிற்பாள். இடது கையால் முடிந்ததைக் கிள்ளுவாள். மத்தியானத்துக்குள் அவள் கூடையில் கால்வாசி சேர்ந்தால் பெரிது. மிச்சத்தை மற்றவர்கள் நிரப்பினார்கள். நான் ஒரு நாளைக்குப் பதினெட்டு, ஒரு நாளைக்கு இருபத்திரண்டு என்று பார்வைக்கு ஒழுங்காக எழுதினேன். கொழுந்து பெருகும் மாதங்களில் பெண்கள் தாராளமாகப் போட்டார்கள். ராத்தல் ஏறியது. அடிபடுவதற்கு முன் அவள் எடுத்ததைவிட அதிகமாகவும் சில நாள் விழுந்தது. நானும் அதை அழகாக எழுதினேன். எழுதிவிட்டு, ஒரு நல்ல காரியம் செய்தோம் என்ற நிறைவோடு விளக்கேற்றப் போவேன். அந்த நாளைய என்னை இப்போது கண்டால் செவிட்டில் ஒன்று விடுவேன்.

பதுளையில் அக்காவுக்காக வழக்காட முன்வந்த புரக்டர் ஐயா யாழ்ப்பாணத்துக்காரர். கண்டிப்பானவர், ஆனால் காசுக்குப் பறக்காதவர். "நீங்கள் அதுக்குப் பிறகு வேலைக்குப் போனனீங்களோ?" என்று அவர் கேட்கும்போதெல்லாம் நானும் பக்கத்தில் இருந்தேன்.

"இந்தக் கைய வச்சுக்கிட்டு என்னாங்க வேலை செய்யறது" என்று அக்கா பதில் சொல்வாள்.

அது உண்மை. அவர் அதை எழுதிக்கொள்வார். பேர் விழுந்ததா என்று அவர் கேட்கவில்லை. அப்படியொரு கேள்வி இருக்கிறதென்று அவருக்கு எப்படித் தெரியும்? நாங்களும் சொல்லவில்லை. மறைத்தோம் என்று யாராவது சொன்னால் எனக்குக் கோபம் வரும். வழக்கு பஸ்ஸோடு, செக்ரோல் தோட்டத்தோடு. அது ஒரு பக்கம், இது ஒரு பக்கம் என்றுதான் நாங்கள் எல்லோரும் இருந்தோம். பதுளைக் கோர்ட்டுக்கும் எங்கள் தராசடிக்கும் ஒரு வழி இருக்கும் என்று எங்களில் ஒருவருக்கும் தோன்றவில்லை. எட்டாம் வகுப்பு படித்த எனக்காவது தோன்றியிருக்க வேண்டும்.

தவணைமேல் தவணை போட்டார்கள். ஒவ்வொரு தவணைக்கும் அக்கா அதே கம்பெனி பஸ்ஸில் ஏறி, அதே கம்பெனிக்குக் காசு கொடுத்து, அதே முடக்கைத் தாண்டிப் பதுளைக்குப் போனாள். வேறு பஸ் கிடையாது. கண்டக்டருக்கு ஆளைத் தெரியும். "இன்னைக்கும் எங்க மேல கேஸா?" என்று கேட்டுக்கொண்டே டிக்கட் கிழிப்பார். அவர் கெட்ட மனிதர் இல்லை. அந்த மரத்தைத் தாண்டும்போது அக்கா வலது கையை மடியில் எடுத்து வைத்துக்கொள்வாள்.

ஒன்றரை வருடம் போய் விசாரணைக்கு எடுத்தார்கள். அன்று காலையில் மழை. கோர்ட் விறாந்தையில் நாங்கள் ஒதுங்கி நின்றபோது எங்கள் பெரிய கிளாக்கர் குடையை மடக்கிக்கொண்டு படியேறினார். கையிடுக்கில் சிவப்புத் துணியில் கட்டிய ஒரு பொட்டலம். அளவைப் பார்த்ததுமே அது என்னவென்று எனக்குத் தெரிந்துவிட்டது. தினம் நான் கட்டி அவிழ்க்கிற துணி.

"செக்ரோல் எதுக்குத் தம்பி இங்க?" என்று அக்கா கேட்டாள்.

"தெரியலக்கா" என்றேன். முதல் பொய் அதுதான்.

பெரிய கிளாக்கர் என்னைத் தனியாகக் கூப்பிட்டார். அவர் அப்பா திருச்சிப் பக்கத்திலிருந்து கிளாக்கர் வேலைக்கு வந்தவர். குரலை உயர்த்தாமல் பேசுவார்.

"கம்பெனி வக்கீலு செக்ரோலக் கொண்டாரச் சொல்லி நோட்டீஸ் அனுப்பியிருக்கான். எனக்கு எல்லாம் தெரியும்ப்பா, நானும் கண்ண மூடிக்கிட்டுத்தான் இருந்தேன். ஆனா கூண்டுல ஏறி அது பொய்னு நீ சொன்னா, தொரை உனக்கு அன்னைக்கே துண்டு குடுத்து வேலைய விட்டு அனுப்பிடுவாரு. அதோட முடிஞ்சா பரவாயில்ல. பிரஜாவுரிமை கேட்டு மனுப் போட்ட இந்தத் தோட்டத்து ஆளுங்க அத்தன பேரும், இங்கயே இருந்து வேலை செஞ்சோம்னு விசாரணையில அந்தச் செக்ரோலத்தான் காட்டணும். அது பொய்னு கோர்ட்டுலயே பதிஞ்சிட்டா அப்புறம் யாரு நம்புவான்? ஒன்னோட மனுவும் அங்கதான் கெடக்கு."

அவர் சொன்னது நியாயமாகத்தான் இருந்தது. பல வருடம் அந்த நியாயத்தைச் சொல்லியே நான் என்னைத் தேற்றிக்கொண்டேன். தோட்டத்து மக்களைக் காப்பாற்றினேன் என்றுகூட ஒரு காலம் நினைத்தேன். உண்மை அதுவல்ல. துண்டு என்ற சொல்லோடு நான் முடிவு செய்துவிட்டேன். பின்னால் அவர் சொன்னதெல்லாம் எனக்குச் சாக்காக உதவியது.

கூப்பிடும்வரை சாட்சி வெளியே இருக்க வேண்டும். புரக்டர் ஐயா உள்ளே போகும் முன் என் பக்கத்தில்தான் நின்றார், கோட்டுப் பொத்தானைப் போட்டுக்கொண்டு. ஐயா, ஒரு விஷயம் என்று நான் வாயைத் திறந்திருந்தால் போதும். அவர் ஏதாவது வழி பார்த்திருப்பார். நான் மழையைப் பார்த்துக்கொண்டு நின்றேன்.

உள்ளே முதலில் அக்காவை விசாரித்தார்கள். பிறகு கேள்விப்பட்டதுதான். ஆஸ்பத்திரி டாக்டர் வேறு ஊருக்கு மாற்றலாகிப் போயிருந்தார். அவருடைய கடிதத்தில் விரல்கள் விறைத்திருக்கின்றன என்று மட்டும் இருந்தது. கையை நீட்டச் சொன்னார்கள், நீட்டினாள். விரலை மடக்கச் சொன்னார்கள், முடியவில்லை. விரலை மடக்காமல் இருக்க யாராலும் முடியும் என்று கம்பெனி வக்கீல் சொன்னாராம். முகத்தில் சிரிப்போடு சொன்னார் என்று கேள்வி.

என்னைக் கூப்பிட்டார்கள். புரக்டர் ஐயா கேட்டதற்கெல்லாம் தெளிவாகச் சொன்னேன். மரக்கட்டையைச் சொன்னேன். டிரைவர் மூன்று தடவை காலை அழுத்தியதைச் சொன்னேன். கோர்ட் முதலியார் ஒவ்வொன்றையும் இங்கிலீசில் சொல்ல, நீதவான் எழுதிக்கொண்டார். அக்கா பெஞ்சில் உட்கார்ந்து என்னையே பார்த்துக்கொண்டிருந்தாள். அவள் முகம் தெளிந்திருந்தது. நான் ஒழுங்காகச் சொல்கிறேன் என்று அவளுக்குத் திருப்தி.

பிறகு கம்பெனி வக்கீல் எழுந்தார். செக்ரோலை விரித்து என் முன்னால் வைத்தார்.

"இது உம்முடைய கையெழுத்தா?"

"ஆமாங்க."

"இந்த வரியில் இருப்பது வழக்காளியின் பேரா?"

"ஆமாங்க."

ஒவ்வொரு மாதமாகப் பக்கம் திருப்பி வேலை நாளையும் ராத்தலையும் அவர் வாசித்தார். அடிபட்டு ஏழாம் வாரத்திலிருந்து தொடங்கினார். கொழுந்து பெருகிய மாதம் வந்தபோது நிறுத்தி, அடிபடுவதற்கு முந்திய மாதத்தையும் எடுத்துக் காட்டினார். அப்போதுதான் என் எழுத்தின் சுத்தத்தைப் பற்றிச் சொன்னார். ஓர் அடித்தல் இல்லை, ஒரு திருத்தம் இல்லை என்றார். பிறகு கேட்டார்: "இது உண்மையாக எழுதியதா, பொய்யாக எழுதியதா?"

முதலியார் அதைத் தமிழில் சொல்லிவிட்டு என்னைப் பார்த்தார். முன் பெஞ்சில் பெரிய கிளாக்கர் சிவப்புத் துணியை மடித்துக்கொண்டிருந்தார். அக்காவின் முகத்தில் இன்னும் அந்தத் தெளிவு முழுவதும் போகவில்லை. என்ன நடக்கிறது என்று அவளுக்கு அப்போதுதான் மெல்லப் புரிய ஆரம்பித்திருந்தது. ஆனாலும் தம்பி இருக்கிறான், அவன் சொல்லிவிடுவான் என்று நினைத்திருப்பாள். அவள் முகத்தில் அது எழுதி ஒட்டியிருந்தது.

"எழுதியிருக்கிறது சரிங்க" என்றேன்.

புரக்டர் ஐயா எழுந்தார். கேட்பதற்கு ஒன்றுமில்லை என்று சொல்லிவிட்டு உட்கார்ந்தார். விறாந்தைக்கு வந்தபின்தான் வாயைத் திறந்தார்.

"உந்த விசயத்தை ஏன் எனக்கு முதலே சொல்லேல்லை? நான் எத்தினை தரம் கேட்டனான். சொல்லியிருந்தால் அந்தப் பெண்டுகளையே சாட்சிக்குக் கூப்பிட்டிருப்பன்" என்றார்.

அக்கா எனக்கும் சேர்த்து, "தெரியாமப் போச்சுங்க" என்றாள். அவள் அப்படிச் சொல்லியிருக்க வேண்டாம்.

தீர்ப்பு வர இன்னும் சில வாரம் ஆனது. பிரேக்கு சரியில்லாதது கம்பெனியின் பிழைதான் என்று கோர்ட் ஒத்துக்கொண்டது. ஆனால் வழக்காளியின் உழைப்புக்கு நட்டம் எதுவும் நேரவில்லை, தோட்டத்துப் பதிவே அதற்குச் சாட்சி என்று சொல்லி, ஆஸ்பத்திரியில் கிடந்த வாரங்களுக்கு மட்டும் ஏதோ கொஞ்சம் கொடுக்கச் சொன்னது. போக்குவரத்துச் செலவுக்கே அது காணவில்லை. பசறை நானா அந்த மூலையை வேறு ஒருவருக்குக் கொடுத்துவிட்டார். ஒன்றரை வருடம் அவர் காத்திருந்ததே பெரிய காரியம்.

தீர்ப்பைவிட விசாரணை நடந்த அன்று திரும்பி வந்த பயணம்தான் எனக்கு மறக்கவில்லை. பஸ்ஸில் டிரைவர் பக்கத்து சீட்டை எனக்கு விட்டார்கள். நான் போகவில்லை. பின்னால் அக்கா இருந்த சீட்டுக்கு எதிரில் நின்றேன். கண்டக்டர் வந்ததும் நான் சட்டைப்பைக்குள் கையை விட்டேன். அக்கா அதற்குள் முந்தானை முடிச்சை இடது கையாலும் பல்லாலும் அவிழ்த்துக்கொண்டிருந்தாள்.

"எனக்கு ஒண்ணு. ஐயாவுக்கு ஒண்ணு" என்றாள் கண்டக்டரிடம்.

"வேணாங்க்கா, நான் எடுக்கிறேன்" என்றேன்.

"இல்லைங்க. எனக்காக சாட்சி சொல்லத்தானே வந்தீங்க. நான்தான் எடுக்கணும்."

குரலில் கோபம் இல்லை, குத்தலும் இல்லை. அவளுக்குக் குத்திப் பேசத் தெரியாது. முறை எதுவோ அதைச் செய்தாள். நான் அந்த டிக்கட்டை வாங்கிக்கொண்டேன். அதற்குப் பிறகு லயத்திலும் அவள் என்னைத் தம்பி என்று கூப்பிடவில்லை.

இதோடு நின்றிருந்தால் என்னைப் பற்றி ஏதோ கொஞ்சமாவது நல்லபடி எழுதலாம். நிற்கவில்லை. மறுவாரம் காலைக் கொழுந்துக்கு வழக்கம்போல அந்தக் கூடையும் தராசடிக்கு வந்தது. கோர்ட்டில் நான் சொன்னது அந்தப் பெண்கள் எல்லோருக்கும் தெரியும். தெரிந்தும் கூடையை நிரப்பிக் கொண்டுவந்திருந்தார்கள்.

"அக்கா பேர்ல போட்டுக்கங்க ஐயா" என்றாள் எதிர் லயத்துப் பெண்.

"இனிமே அப்படிப் போட முடியாது. யாரு எடுத்தாங்களோ அவங்க பேர்லதான் விழும்" என்றேன்.

பயம்தான். தொரை கேட்டுவிட்டால், திரும்ப ஒரு நாள் கோர்ட் கூப்பிட்டுவிட்டால் என்ற பயம். வழக்கில் அவளைத் தோற்கடிக்க உதவிய அந்தப் பேர்களை, அவை மட்டும்தான் அவளுக்கு மிச்சம் என்றிருந்தபோது நிறுத்தினேன். எதிர் லயத்துப் பெண் கூடையைத் தூக்கி மற்றவர்கள் கூடையில் பிரித்துக் கொட்டினாள். இரண்டு மாதம் அக்காவின் வரியில் அங்கொன்றும் இங்கொன்றுமாக அரைப் பேர் விழுந்தது. பெரிய கிளாக்கர் பொறுத்துப் பார்த்துவிட்டு, காம்பரா வேண்டுமென்றால் அந்தக் காம்பராவிலிருந்து ஓர் ஆள் பதிய வேண்டும் என்றார். அக்காவைத் தவிர அந்தக் காம்பராவில் இருந்தது இன்னும் ஒரே ஆள்தான்.

மாதம் பிறந்து முதல் பெரட்டு. பனி இறங்கியிருந்தது. அக்கா மகளைக் கூட்டிக்கொண்டு வந்து வரிசையின் கடைசியில் நின்றாள். பெண்ணுக்குப் பன்னிரண்டு வயது நடந்துகொண்டிருந்தது. பள்ளிக்கூடத்து வெள்ளைச் சட்டையின்மேல் சாக்கு ஒன்றை இடுப்பில் சுற்றிக் கட்டியிருந்தாள். அக்காவின் கூடை அவள் முழங்கால்வரை தொங்கியது.

"ஐயா, புதுப் பேரு ஒண்ணு" என்றாள் அக்கா.

நான் செக்ரோலைப் பிரித்தேன். அந்தக் காம்பராவுக்குரிய இடத்தில் தாயின் பேரை ஒரு கோட்டால் அடித்துவிட்டு, கீழே மகளின் பேரை எழுதினேன். எழுத்து கோணியிருந்தால் ஆறுதலாக இருந்திருக்கும். கோணவில்லை. எப்போதும்போல் குண்டு குண்டாக, நேர்வரியாக வந்தது. எழுதி முடித்ததும் அந்தப் பெண் எட்டிப் பார்த்து, எழுத்துக் கூட்டாமல் தன் பேரை ஒரே மூச்சில் வாசித்தாள். அந்தக் களத்தில் நின்ற பெண்களில் நான் எழுதியதை வாசிக்கத் தெரிந்தவள் அவள் ஒருத்திதான்.

"அம்மா, ஐயா எழுத்து எவ்வளவு நல்லா இருக்கு பாரு" என்றாள்.

அக்கா பார்க்கவில்லை. இடது கையால் மகளின் நெற்றியில் கூடைக் கயிற்றைச் சரிசெய்து, கொழுந்து எடுக்கும் பெண்களோடு அவளை அனுப்பினாள். நான் அன்றைய தேதிக்கு நேரே ஒரு பேர் போட்டேன்.